நான் முப்பது என்று அறிவித்த வருடம்

புலி ஆண்டு, எட்டாம் மாதம், மூன்றாம் நாள்

இன்று என் அத்தான் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

இதை யாரும் படிக்கப்போவதில்லை. ஆனாலும் ஒழுங்காகவே சொல்கிறேன், இருபது வருட அலுவலகப் பழக்கம். எல்லைச் சுவருக்கு வடக்கே எங்கள் துருக்கிய குலங்கள் ஐம்பது வருடமாகச் சீனத்தின் தாங் பேரரசுக்குப் பிரஜைகள். எங்களை மேய்க்க இங்கே ஒரு அலுவலகம் உண்டு. அதற்கு ஆளுநர் பேரரசரின் ஒன்பது வயது மகன். அவர் தலைநகரை விட்டு வந்ததே இல்லை. அவருக்குப் பதிலாக மஞ்சள் பட்டு போர்த்திய மடக்கு நாற்காலி ஒன்றை மண்டபத்தில் வைத்திருக்கிறார்கள். மாதம் ஒருமுறை குலத்தலைவர்கள் எல்லோரும் அதன் முன் மண்டியிட்டு மூன்று முறை தலையைத் தரையில் முட்ட வேண்டும். குதிரையில் கட்டிக்கொண்டு போக வசதியாக அந்த மாதிரி நாற்காலியைக் கண்டுபிடித்ததே எங்கள் முன்னோர்கள்தான். சீனர்கள் அதை எடுத்துக்கொண்டு பட்டுத் துணி போட்டார்கள். இப்போது நாங்கள் அதைக் கும்பிடுகிறோம்.

அத்தான் தோங்கா எங்கள் குலத்தலைவர், என் அக்கா அல்துனின் கணவர். அவருடைய அரசாங்கப் பட்டம் ‘வடக்கை அமைதிப்படுத்தும் இடப்புற மாவீரத் தளபதி’. எங்களிடமிருந்து குதிரைகளைப் பிடுங்கும்போதெல்லாம் பட்டத்தில் ஒரு சொல் கூடும். இன்று மேற்கு மலைப் போருக்கு மேலும் இருநூறு ஆட்களும் ஆயிரம் குதிரைகளும் வேண்டும் என்று உத்தரவு வந்தது. இந்த வருடத்தில் இது மூன்றாவது. அதை வாசித்து முடித்ததும் அத்தான் எழுந்தார், நாலு எட்டு நடந்தார், பட்டின் மேலேயே உட்கார்ந்தார்.

"காலு வலிக்குது. அந்தப் புள்ள வர்ற வரைக்கும் நான் உக்காந்துக்கறேன்" என்றார்.

துணை ஆளுநர் வெய் என் பக்கம் திரும்பி, "என்ன சொல்கிறான்?" என்று கேட்டார். வெய் மெலிந்த மனிதர், கோபம் வந்தால் காது மட்டும் சிவக்கும்.

"இளவரசரின் நினைவு மேலிட்டு மயக்கம் வந்துவிட்டதாம்" என்றேன்.

என் தொழில் இதுதான். நான் இந்த அலுவலகத்தின் மொழிபெயர்ப்பாளன். என் பெயர் சபிஷ். சிறு வயதில் பிணையாகத் தலைநகருக்கு அனுப்பி எழுத்து கற்பித்தார்கள். ‘பணிவு’ என்று பொருள்படும் ஒரு சீனப் பெயரும் வைத்தார்கள். வெய் ‘நாய்கள்’ என்பார், நான் ‘விசுவாசிகள்’ என்பேன். எங்கள் ஆட்கள் அவருடைய தாயாரைப் பற்றி ஏதாவது சொல்வார்கள், நான் ‘நீடூழி வாழ்க’ என்பேன். இருபது வருடம் இந்த எல்லையில் ஒரு சண்டை கிடையாது. அதற்குப் பட்டம் வாங்கியவர்கள் வேறு ஆட்கள்.

எட்டாம் மாதம், நான்காம் நாள்

நாற்பது பிரம்படி. ஒவ்வொரு பத்துக்கும் நிறுத்தி, "வருந்துகிறானா?" என்று வெய் கேட்டார். அத்தான் சொன்ன பதிலை இங்கே எழுத முடியாது. நான்கு முறையும் ‘வருந்துகிறார்’ என்றேன். நாற்காலியைக் கழுவி வெயிலில் வைத்திருக்கிறார்கள்.

எட்டாம் மாதம், பன்னிரண்டாம் நாள்

கலகம் என்றால் தீயும் ரத்தமுமாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். எங்கள் கலகம் கூடாரம் சுருட்டுவதில் தொடங்கியது. காலையில் அலுவலகத்துக்கு வெளியே நாலாயிரம் கூடாரங்கள் இருந்தன. மதியம் நாலாயிரம் வட்டமான மஞ்சள் புல் தழும்புகள் இருந்தன. வெயிலில் காய்ந்த நாற்காலியையும் யாரோ எடுத்துப் போய்விட்டார்கள்.

வெய் அரண் கோட்டைக்கு ஓடிவிட்டார். என்னைக் கூப்பிட மறந்துவிட்டார். மறந்தார் என்றுதான் நினைக்கிறேன்.

அக்கா குதிரையில் வந்து அலுவலக வாசலில் நின்றாள். இறங்கவில்லை.

"என்னடா, இன்னும் தூரிகையைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருக்க?"

"பதிவேட்டை முடிச்சுட்டு வரேங்க்கா."

"எந்தப் பதிவேடு? ஊரே போயாச்சு. ஏறு. உங்க அத்தான் ஒரு புஸ்தகம் கேட்டாரு. நம்ம ஆளுங்க வழக்கத்தைப் பத்தி இவங்க எழுதி வெச்சிருக்காங்களாமே, அதை எடுத்துட்டு வரச் சொன்னாரு."

‘வடதிசைக் காட்டுமிராண்டிகளின் வழக்கங்கள்’ என்ற அந்தச் சுருள் வெய்யின் பெட்டியில் இருந்தது. எடுத்துக்கொண்டேன். திருடவில்லை, இரவல். அக்காவுக்காகத்தான் போகிறேன் என்பதையும் இங்கே குறித்துவைக்கிறேன். எனக்கு அரசியல் கிடையாது.

ஒன்பதாம் மாதம், பதினைந்தாம் நாள்

இரட்டை ஓடைப் பள்ளத்தாக்கில் இருக்கிறோம். இருபத்துநான்கு குலங்கள் சேர்ந்துவிட்டன. எல்லோரும் ஒரே குரலில் கேட்டது ஒன்றுதான்: நமக்கு மறுபடியும் ஒரு ககான் வேண்டும், பேரரசன் வேண்டும், அது தோங்காவாக இருக்க வேண்டும். அதில் தகராறு இல்லை. தகராறு வேறு. ககானுக்கு முடிசூட்டுவது எப்படி என்று ஒருவருக்கும் தெரியவில்லை. கடைசி ககான் சிறைப்பட்டு ஐம்பது வருடம் ஆகிறது.

கடைசியாக அதைப் பார்த்தவர் என்று பூகுவைக் கூட்டி வந்தார்கள். அவருக்கு எழுபது தாண்டிவிட்டது, காது அறவே கேட்காது. அவர் காதில் நாலு பேர் கத்தினார்கள். நெடுநேரம் யோசித்துவிட்டு, "ஆட்டுக்கறி நல்லா இருந்துச்சு" என்றார்.

ஆக, சுருளைப் பிரித்தேன். சீனப் பேரரசை எதிர்த்து எழுந்திருக்கும் இருபத்துநான்கு குலத்தலைவர்கள் சம்மணமிட்டு உட்கார்ந்து, சீன எழுத்தர் எழுதியதிலிருந்து தங்கள் தாத்தா எப்படி முடிசூட்டிக்கொண்டார் என்று கேட்டுத் தெரிந்துகொண்டார்கள். ‘இந்தக் காட்டுமிராண்டிகள்’ என்று வந்த இடங்களில் எல்லாம் ‘இந்தப் பெருமக்கள்’ என்று வாசித்தேன். ரொம்ப ரசித்தார்கள்.

சுருள் சொல்வது இது. புதிய ககானைக் கம்பளத்தில் உட்கார வைத்துத் தூக்கி, சூரியன் போகும் திசையில் ஒன்பது சுற்று சுற்ற வேண்டும். பிறகு பட்டுத் துணியைக் கழுத்தில் சுற்றி இரண்டு பேர் இறுக்க வேண்டும். உயிர் போகும் தறுவாயில் தளர்த்தி, ‘எத்தனை ஆண்டு ஆள்வாய்?’ என்று கேட்க வேண்டும். மயக்கத்தில் அவன் உளறுகிற எண்தான் வானம் அவனுக்குக் கொடுத்த காலம்.

எல்லோரும் மெதுவாகத் தலையாட்டினார்கள். நினைவு வந்துவிட்டதாம்.

பட்டுக்கு எங்கே போவது என்று கேள்வி வந்தது. பட்டு நெய்கிறவர்கள் எதிரிகள். கடைசியில் நாற்காலியின் மஞ்சள் போர்வையைக் கிழிக்க முடிவாயிற்று. ஒரு முனையைப் பிடிக்கப் பூகு, சடங்கைக் கண்டவர் என்பதால். மறுமுனைக்கு நான், சடங்கைப் படித்தவன் என்பதால்.

ஒன்பதாம் மாதம், இருபதாம் நாள்

முடிந்தது. தோங்கா ககான் ஆகிவிட்டார்.

ஒன்பது சுற்றில் ஆறாவதிலேயே கம்பளம் தூக்கியவர்களுக்கு மூச்சு வாங்கிவிட்டது. அத்தான் கனத்த உடம்பு. பிறகு துணியைச் சுற்றினோம். முதுகில் பிரம்புத் தழும்பு இன்னும் ஆறவில்லை, சட்டை ஒட்டியிருந்தது. என் முழு பலத்தோடு இழுத்தேன். முகம் கறுத்தது, கண் சொருகியது. தளர்த்தி, வாயருகே காதை வைத்து, எத்தனை ஆண்டு என்று கேட்டேன். சொன்னார்.

எழுந்து நின்று, "முப்பது" என்று அறிவித்தேன்.

பள்ளத்தாக்கே அதிர்ந்தது. அத்தான் மட்டும் கம்பளத்தில் கிடந்து குலுங்கிக் குலுங்கி இருமிக்கொண்டிருந்தார். மூச்சு திரும்ப நேரம் பிடித்தது.

ஆட்டுக்கறி சுமார்தான்.

ஒன்பதாம் மாதம், இருபத்தொன்றாம் நாள்

நேற்றைய பதிவில் ஒரு திருத்தம். எண்ணை நான் தவறாகக் கேட்கவில்லை. தெளிவாகவே கேட்டது. ‘ஒன்று’ என்றார்.

பூகுவுக்குக் காது இல்லை. வேறு யாரும் பக்கத்தில் இல்லை. ஐம்பது வருடம் காத்திருந்த கூட்டத்தின் முன்னால் நின்று, உங்கள் பேரரசு அடுத்த இலையுதிர் காலம் வரைதான் என்று சொல்லச் சொல்கிறீர்களா? நான் செய்தது மொழிபெயர்ப்பு. ஒரு மனிதன் சொன்னதை, கேட்கிறவர்கள் தாங்கிக்கொள்கிற மாதிரி மாற்றித் தருவது. அத்தானுக்கும் நினைவில்லை. ‘நான் என்ன சொன்னேன்?’ என்று அவர் கேட்கவே இல்லையே.

தவிர, இதெல்லாம் மூடநம்பிக்கை. கழுத்தை நெரித்தால் யாரும் எதையாவது உளறத்தான் செய்வார்கள். தலைநகரில் படித்தவன் நான். எனக்கு இதில் நம்பிக்கை கிடையாது.

பதினோராம் மாதம், எட்டாம் நாள்

எங்களை அடக்க வந்த சீனப் படை மலையடிவாரத்தில் முகாமிட்டது. ஒரே ராத்திரியில் பனி பெய்து அவர்கள் கூடாரங்களை மூடிவிட்டது. நம் ஆட்கள் விடிந்ததும் போய், விறைத்துக் கிடந்தவர்களைச் சேகரித்து வந்தார்கள். ‘வானம் முப்பது கொடுத்திருக்கு, சும்மாவா’ என்று எல்லோரும் பேசிக்கொள்கிறார்கள். எல்லைக்கு அந்தப் பக்கம் இருந்த குலங்களும் வந்து சேர்கின்றன. ஒரு வருடப் பேரரசில் சேர யாரும் வரமாட்டார்கள். முப்பது வருடம் என்றால் பெண்டு பிள்ளைகளோடு வருகிறார்கள்.

வெற்றிக்கு என் பங்களிப்பை யாரும் குறிப்பிடவில்லை.

முயல் ஆண்டு, இரண்டாம் மாதம், ஐந்தாம் நாள்

ககான் மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து அரசாள்கிறார். அதன் முன்னால் யாரும் மண்டியிடக் கூடாது என்பது அவருடைய முதல் சட்டம். இரண்டாவது சட்டம் இன்னும் வரவில்லை.

மூன்றாம் மாதம், இருபத்திரண்டாம் நாள்

மேய்ச்சல்காரர்கள் மரம் நட்டு நான் பார்த்ததில்லை. இன்று அலுப் என்ற குலத்தலைவர் ஓடைக்கரையில் பாதாமி மரக்கன்றுகளாக நட்டுக்கொண்டிருந்தார். வருடம் இரண்டு முறை கூடாரம் மாற்றுகிற ஆள்.

"இது காய்க்க ஏழெட்டு வருஷம் ஆகுமே" என்றேன்.

"ஆகட்டுமே. அதுக்கப்புறமும் இருபத்திரண்டு வருஷம் பாக்கி இருக்கில்ல" என்றார். கன்றுகளுக்கு நான்தான் தண்ணீர் ஊற்ற வேண்டியிருந்தது. அவருக்குக் குதிரை பார்க்கப் போக வேண்டுமாம்.

ஐந்தாம் மாதம், இரண்டாம் நாள்

தெற்குக் கணவாயில் இருந்த காவல்காரர்கள் இறங்கி வந்துவிட்டார்கள். ஒரு கல்யாணத்துக்காக வந்தவர்கள் திரும்பிப் போகவில்லை. ஏன் என்று கேட்டேன். ‘இருபத்தொன்பது வருஷத்துக்கு அங்க என்ன வேலை?’ என்று என்னையே திருப்பிக் கேட்டார்கள்.

ககானிடம் போய்ச் சொன்னேன். அக்காவும் பக்கத்தில் இருந்தாள், சேணத்துக்கு வார் தைத்துக்கொண்டிருந்தாள்.

"கணவாயில ஒரு ஆளு கூட இல்ல, அத்தான். ஒரு பத்து பேரையாவது போடுங்க."

"போட்டா என்ன நினைப்பாங்க, மச்சான்?"

"ஜாக்கிரதையா இருக்காருன்னு நினைப்பாங்க."

"ககானுக்கே முப்பதுல நம்பிக்கை இல்லன்னு நினைப்பாங்க" என்று சொல்லிவிட்டு என்னையே பார்த்தார். அக்கா தலை நிமிராமல் ஊசியை இழுத்தாள். எனக்கு வேறு வேலை இருந்ததால் வந்துவிட்டேன்.

ஆறாம் மாதம், பத்தொன்பதாம் நாள்

இன்னும் தொண்ணூறு நாள். சும்மா கணக்குப் போட்டுப் பார்த்தேன்.

ஏழாம் மாதம், ஆறாம் நாள்

எழுபத்துநான்கு நாள். சரியாகத் தூக்கம் வரவில்லை, சூடு ஜாஸ்தி. அக்கா கேட்டாள், "என்னடா உனக்கு? எல்லாரும் சதை போட்டிருக்காங்க, நீ மட்டும் உலர்ந்துபோயிருக்க." வயிறு சரியில்லை என்றேன்.

இந்த முகாமில் முப்பதை நம்பாதவன் நான் ஒருவன்தான். ஒன்றை நம்புகிறவனும் நான் ஒருவன்தானோ என்று சில சமயம் சந்தேகம் வருகிறது. அபத்தம். நான் படித்தவன்.

ஏழாம் மாதம், பதினான்காம் நாள்

உப்பு வியாபாரி ஒருவன் தெற்கே போகிறான். வெய்யிடமிருந்து இரவல் வாங்கிய சுருளை அவனிடம் கொடுத்தனுப்பினேன். பிறர் பொருளை வைத்துக்கொள்வது எனக்குப் பழக்கமில்லை.

கூடவே ஒரு கடிதம். நலம் விசாரித்து ஒரு மரியாதைக் கடிதம், அவ்வளவுதான். ஒன்றும் இல்லாமல் எப்படி எழுதுவது என்று பருவநிலை பற்றி நாலு வரி. இந்த வருடம் மழை நல்ல மழை, இரட்டை ஓடைப் பள்ளத்தாக்கில் புல் இடுப்பளவு நிற்கிறது, இலையுதிர் காலம் முழுக்க இங்கிருந்து நகர வேண்டிய தேவை இருக்காது, ஒன்பதாம் மாதம் இருபதாம் நாள் முடிசூட்டு வருட விழாவும் இங்கேதான் என்று. தெற்குக் கணவாய் வழியாக உப்பு வண்டிகள் தடையில்லாமல் வந்து போகின்றன என்றும் எழுதினேன். வியாபாரத்தில் அக்கறை உள்ளவர் வெய். என் அக்கா ஒரு பெண்பிள்ளை, அரசியல் தெரியாதவள் என்பதையும் ஒரு வரியில் சேர்த்தேன்.

அதில் யார் படித்தாலும் தப்பு சொல்ல ஒன்றுமில்லை. இன்று நன்றாகத் தூங்கினேன்.

எட்டாம் மாதம், இருபதாம் நாள்

வெய்யிடமிருந்து பதில். சுருள் பத்திரமாக வந்து சேர்ந்தது, நன்றி. என் கையெழுத்து முன்பு போலவே அழகாக இருக்கிறது. புல்லைப் பற்றிய விவரம் மிகவும் உபயோகமாக இருந்தது. கூடவே ஒரு மைக்கட்டி, நல்ல ரகம், பைன் புகைக்கரியில் செய்தது. சிவப்பு முத்திரை குத்திய ஒரு அனுமதிச் சீட்டும் இருக்கிறது: ‘இதை வைத்திருக்கும் இருவருக்குத் தீங்கு செய்யலாகாது.’

இருவர். ஒருவன் நான், மற்றது அக்கா. மூன்றாவது ஆளைப் பற்றி நான் எழுதவில்லை, அவரும் எழுதவில்லை.

ஒன்பதாம் மாதம், ஆறாம் நாள்

அலுப் நட்ட பாதாமிக் கன்றுகளில் ஒன்று பட்டுப்போய்விட்டது. அவர் கவலைப்படவில்லை. அடுத்த வருடம் வேறு நட்டுக்கொள்வாராம்.

ஒன்பதாம் மாதம், பன்னிரண்டாம் நாள்

இன்று சொல்லிவிட்டேன்.

எட்டு நாள்தான் இருக்கிறது. அத்தான் ஓடைக்கரையில் குதிரைக்கு லாடம் பார்த்துக்கொண்டிருந்தார், பக்கத்தில் யாரும் இல்லை. "அத்தான், அன்னிக்கு நீங்க முப்பதுன்னு சொல்லல. ஒண்ணுன்னு சொன்னீங்க. நான்தான் மாத்திச் சொன்னேன்" என்று ஒரே மூச்சில் கொட்டினேன்.

அவர் குளம்பைக் கீழே விட்டுவிட்டுச் சிரித்தார்.

"தெரியும்."

"எப்படித் தெரியும்? மயக்கத்துல இருந்தீங்களே."

"நீ இழுத்த இழுப்புக்குக் கோழிக்குஞ்சு கூட மயங்காது, மச்சான். நீ பயந்து பயந்து இழுக்கற, அந்தப் பக்கம் பூகு துணியைப் பிடிச்சுக்கிட்டே தூங்கறாரு. நானாத்தான் கண்ணைச் சொருகிக்கிட்டேன். நீ எந்திரிச்சு முப்பதுன்னு கத்தினப்போ சிரிப்பை அடக்கறதுக்குள்ள எனக்கு நெஜமாவே மூச்சு முட்டிருச்சு."

"அப்ப ஏன் ஒண்ணுன்னு சொன்னீங்க?"

அவர் கையைக் கழுவிக்கொண்டே சொன்னார். "எத்தனை வருஷம் வேணும்னு கேட்ட. எனக்குப் பட்டதைச் சொன்னேன். ஒரு வருஷம் எவன் நாற்காலிக்கும் மண்டி போடாம இருந்தாப் போதும்னு அன்னிக்குத் தோணுச்சு. முதுகு எரிஞ்சுக்கிட்டு இருந்தது பாரு. அதுல வானமும் இல்ல, ஒண்ணும் இல்ல."

"அப்ப, ஒரு வருஷம்தான்னு..."

"யாருடா சொன்னது? காவலை மட்டும் ஒழுங்கா வெச்சா பத்து வருஷம் கூடத் தள்ளலாம். உன் முப்பதுதான் கையைக் கட்டிப்போட்டுருச்சு. காவல் போட்டா முப்பது பொய்னு ஆயிரும், பாதிப் பேரு மறுநாளே கூடாரத்தைச் சுருட்டிருவான். சரி விடு. வருஷ விழா முடியட்டும். பண்டிகைக் கறி சாப்பிட்டுட்டு எவனும் உடனே கெளம்ப மாட்டான். மறுநாள் நானே கணவாய்க்கு ஆள் போடறேன்."

பிறகு என் தோளில் கை வைத்து, "நீ அன்னிக்குப் பொய் சொன்னது நல்லதுக்குத்தான். எனக்கு வருத்தம் இல்ல" என்றார்.

கடிதத்தைப் பற்றியும் சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்தேன். மழை பிடித்துக்கொண்டது. இரண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் ஓடினோம்.

ஒன்பதாம் மாதம், பதினைந்தாம் நாள்

மழை இல்லை. ஆனால் ககானைச் சுற்றி எப்போதும் ஆள் இருக்கிறார்கள்.

ஒன்பதாம் மாதம், பதினெட்டாம் நாள்

ஒரு மரியாதைக் கடிதத்தை வைத்துக்கொண்டு யாராவது படை அனுப்புவார்களா? அலுவலகத்தில் ஒரு கடிதத்துக்குப் பதில் போடவே ஆறு முத்திரை வேண்டும். வெய்யை எனக்குத் தெரியாதா? அவர் எதையும் நேரத்துக்குச் செய்ததே இல்லை.

ஒன்பதாம் மாதம், பத்தொன்பதாம் நாள்

விழாவுக்கு நானூறு ஆடு அடித்திருக்கிறார்கள். எல்லோரும் வில்லின் நாணைக் கழற்றிப் பையில் போட்டுவிட்டார்கள், பண்டிகை வழக்கம். இந்த வழக்கமும் அந்தச் சுருளில் இருந்ததுதான். நான்தான் வாசித்துக் காட்டினேன்.

அனுமதிச் சீட்டை அக்காவின் சேணப்பையில் செருகி வைத்தேன்.

ஒன்பதாம் மாதம், இருபதாம் நாள்

வெய் நேரத்துக்கு வந்துவிட்டார்.

பத்தாம் மாதம், மூன்றாம் நாள்

அன்று நடந்ததைச் சுருக்கமாக எழுதி முடித்துவிடுகிறேன்.

தெற்குக் கணவாய் வழியாக உப்பு வண்டிகள் வந்தன. அவற்றுக்குப் பின்னால் முப்பதாயிரம் பேர் வந்தார்கள். நம் ஆட்கள் நாணைத் தேடிக்கொண்டிருந்தார்கள். அலுப் கையில் ஆட்டுத் தொடையோடு ஓடைக்கரையில் கிடந்தார், அவருடைய கன்றுகளைக் குதிரைகள் மிதித்துவிட்டிருந்தன. ககான் மட்டும் நாற்பது பேரோடு வடக்குப் பாறை மேல் ஏறிவிட்டார். நல்ல இடம். கீழிருந்து யாரும் ஏற முடியாது. மேலே ஒரு வழி மலைக்கு அந்தப் பக்கம் போகிறது. குதிரை இல்லாமல் போனால் பிழைக்க வாய்ப்பு உண்டு.

சீனத் தளபதி என்னைக் கூப்பிட்டார். வெய் பக்கத்தில் நின்று, "நம்முடைய ஆள்" என்று என்னை அறிமுகம் செய்தார். கைதிகளின் வரிசையில் அக்கா நின்றிருந்தாள். அந்த வார்த்தைக்கு மட்டும் மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை, அவளுக்கு அவ்வளவு சீனம் தெரியும்.

தளபதி சொன்னார்: "இறங்கி வரச் சொல். அவன் உயிருக்காக அரசவைக்கு எழுதுகிறேன். அங்கே என்ன முடிவு செய்வார்கள் என்று எனக்குத் தெரியாது."

நான் பாறையைப் பார்த்துக் கத்தினேன்: "உயிருக்கு ஆபத்து இல்லைன்னு சத்தியம் பண்றாரு, அத்தான். எறங்கி வாங்க."

ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றுவரை யோசிக்கிறேன். இருபது வருடப் பழக்கம். இரண்டு பக்கமும் சண்டை இல்லாமல் முடிய வேண்டும், அவ்வளவுதான் என் எண்ணம். அவர் சிறிது நேரம் என்னையே பார்த்தார். என் மொழிபெயர்ப்பின் தரம் அவருக்குத் தெரியும். ஆனாலும் கூட இருந்த நாற்பது பேரை மலைவழி அனுப்பிவிட்டுத் தனியாக இறங்கி வந்தார். வந்து வாளை வெய்யிடம் கொடுக்கவில்லை. என்னிடம் கொடுத்தார்.

பதினோராம் மாதம், இருபத்தேழாம் நாள், தலைநகர்

அரசவை முடிவு செய்துவிட்டது. கிழக்குச் சந்தையில், காலையில், எல்லோரும் பார்க்க.

கடைசியாக ஏதாவது சொல்ல வேண்டுமா என்று அதிகாரி கேட்டார். நான் மொழிபெயர்த்தேன். அத்தான் சந்தையைச் சுற்றிப் பார்த்தார், அதிகாரி உட்கார்ந்திருந்த மடக்கு நாற்காலியைப் பார்த்தார். "ஒரு வருஷம் கெடச்சுது" என்றார்.

"என்ன சொல்கிறான்?"

"வருந்துகிறார்" என்றேன்.

பதினோராம் மாதம், இருபத்தெட்டாம் நாள்

அக்காவை அரண்மனைத் தறிக்கூடத்துக்கு அனுப்புகிறார்கள், பட்டு நெய்ய. அனுமதிச் சீட்டைக் காட்டினால் விட்டுவிடுவார்கள். அதை நினைவுபடுத்தத்தான் போனேன்.

அவள் சீட்டை எடுத்து என் கையில் வைத்தாள். "உப்பு வண்டியில அனுப்புன கடுதாசியைப் பத்தி வெய் எல்லாருக்கும் பெருமையாச் சொல்லிக்கிட்டு இருக்கான். புல்லு இடுப்பளவு நிக்குதுன்னு எழுதினியாமே."

"உனக்காகத்தான்க்கா எழுதினேன்."

"ஒண்ணுன்னு சொன்னதை முடிசூட்டின அன்னிக்கே அவரு என்கிட்ட சொல்லிச் சிரிச்சாரு. எங்க ரெண்டு பேருக்கும் அது ஒரு வேடிக்கை. நீ ஒருத்தன்தான்டா அதை நம்பினவன்."

காவலன் கூப்பிட்டான், போய்விட்டாள். திரும்பிப் பார்ப்பாள் என்று வாசலிலேயே நின்றிருந்தேன். திரும்பவில்லை. எனக்கு அழுகை வந்தது, அதை எழுதுவதில் வெட்கம் இல்லை.

டிராகன் ஆண்டு, முதல் மாதம், மூன்றாம் நாள்

பழைய வேலை, பழைய மேசை. மிஞ்சிய குலத்தலைவர்கள் இன்று மண்டபத்தில் நாற்காலி முன் மண்டியிட்டார்கள். அதே நாற்காலிதான், மீட்டுக் கொண்டுவந்துவிட்டார்கள். பட்டு மட்டும் புதிது. அதில் பூவேலை இருந்தது. எந்தத் தறியில் நெய்தது என்று நான் கேட்கவில்லை.

மதியம் வெய் அந்தச் சுருளோடு வந்தார். சடங்கை நேரில் பார்த்தவர்களில் எழுதத் தெரிந்தவன் இந்தப் பேரரசிலேயே நான் ஒருவன்தானாம், அதனால் ஓரத்தில் ஒரு குறிப்பு சேர்க்க வேண்டுமாம். மயக்கத்தில் உளறும் எண் உண்மையில் பலிக்கிறதா என்று அறிஞர்களுக்கு நெடுநாள் சந்தேகம்.

"எத்தனை என்று சொன்னான்?" என்று கேட்டார்.

முப்பது என்று எழுதினால் எங்கள் வழக்கம் பொய் என்று ஆகிவிடும், உலகம் உள்ளவரை சிரிப்பார்கள். ஒன்று என்று எழுதினால் எல்லாம் வானத்தின் முடிவு, யார் மேலும் குற்றமில்லை. வெய் அனுப்பிய மைக்கட்டியை உரைத்து, என் அழகான கையெழுத்தில் ‘ஒன்று’ என்று எழுதினேன்.

வெய் குனிந்து படித்தார். "ஆச்சரியம்தான். ஒரு நாள் கூடப் பிசகவில்லை" என்றார்.

"ஆமாம், பிசகவில்லை" என்றேன்.